ஊரை இணைத்தால் நற்பெயர் யார் கணக்கில்?

கொல்லிமலை என்றதும் 70 கொண்டை ஊசி வளைவுகளும் ஆகாய கங்கை அருவியும்தான் எல்லோருக்கும் ஞாபகம் வரும். அங்குள்ள ஊராட்சிகளின் பெயர்களைக் கவனித்தவர்கள் குறைவு. வளப்பூர் நாடு, அரியூர் நாடு, குண்டூர் நாடு, தின்னனூர் நாடு... ஒவ்வொன்றும் ஒரு 'நாடு'! ராஜா போய், வெள்ளைக்காரன் போய், பஞ்சாயத்து யூனியன் வந்த பிறகும் அந்தப் பெயர்கள் அப்படியே இருக்கின்றன.

இந்த மலையும் ஒரு காலத்தில் பக்கத்து அரசோடு 'இணைக்கப்பட்டது'தான். மலையமான் திருமுடிக்காரி, வல்வில் ஓரியைக் கொன்று கொல்லியைச் சேரனுக்குக் கொடுத்தான் என்கிறது சங்க இலக்கியம். ஆனால் ஆடி மாதம் அங்கே அரசு விழா நடப்பது சேரனுக்கு அல்ல, தோற்ற ஓரிக்கு!

மலைக்குக் கீழே கதை வேறு. 2024-ல் நாமக்கல் நகராட்சி மாநகராட்சி ஆனது. சுற்றியுள்ள 12 ஊராட்சிகளை அதோடு சேர்ப்பதாக அரசு அறிவித்தது. இதில் லாபமே இல்லையா? உண்டு. குடிநீர், சாலை, சாக்கடை வசதிக்குப் பெரிய அமைப்பின் நிதி கிடைக்கும். நஷ்டம்? 'நூறு நாள் வேலை' என்று 2005 சட்டத்தில் பிறந்த திட்டம் ஊரகத்துக்கு மட்டுமே ஆனது. ஊரே நேரடியாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கும் தலைவர் இருக்கமாட்டார். மேயரைத் தேர்ந்தெடுப்பது கவுன்சிலர்கள். கிராம சபையும் போய்விடும்.

ஜப்பானில் இது பெரிய அளவில் நடந்தது. 1999-ல் 3,232 ஆக இருந்த உள்ளாட்சிகள் 2010-ல் 1,727 ஆகச் சுருங்கின. எத்தனையோ சிற்றூர்களின் அலுவலகம் நகரத்தின் கிளை அலுவலகம் ஆனது.

காமர்ஸ் படிப்பவர்கள் ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். ஒரு கம்பெனியை இன்னொன்று ஈர்த்துக்கொள்ள, 2013 கம்பெனிச் சட்டப்படி பொதுவாக ஓட்டளிக்கும் பங்குதாரர்களில், மதிப்பில் நான்கில் மூன்று பங்கினர் சம்மதிக்க வேண்டும். நற்பெயருக்கும் ஒரு விலை போடுவார்கள். ஊரை இணைக்கும்போது? ஆட்சேபனை எழுதிக் கொடுக்கலாம். ஓட்டு கிடையாது. ஊர்ப் பெயருக்கு விலையும் கிடையாது.

பழங்குடியினர் பெரும்பான்மையாக வாழும் கொல்லிமலைக்காவது பாதுகாப்பு உண்டா? தமிழ்நாட்டில் ஐந்தாவது அட்டவணைப் பகுதி எதுவும் இல்லாததால், பழங்குடி கிராம சபைகளுக்குக் கூடுதல் அதிகாரம் தரும் 1996 பெசா சட்டம் அங்கே செல்லாது. ஆக, அந்த 'நாடு'களை இன்று காப்பது சட்டம் அல்ல, கொண்டை ஊசி வளைவுகள்தான்!

இணைப்பே வேண்டாம் என்பதல்ல வாதம். கிராம சபையில் ஓட்டெடுப்பு நடத்திவிட்டு இணைக்கட்டும். வார்டுக்கு வெறும் எண் கொடுக்காமல், பழைய ஊர்ப் பெயரையே வைக்கட்டும். பங்குதாரருக்குக் கிடைக்கும் மரியாதை ஊர்க்காரருக்கும் கிடைக்க வேண்டாமா?