பால் ஊற்றினால் கோவா ஆகாது

இரண்டாம் பாகம் என்றாலே ஏமாற்று வேலை என்று தீர்ப்பு எழுதுபவர்கள் நம்மூரில் அதிகம். மற்ற படங்களுக்குப் பொருந்தலாம். விஞ்ஞானப் படத்துக்குப் பொருந்தாது.

ஏன்? விஞ்ஞானப் படத்தின் முதல் பாகம் பாதி நேரம் பாடம் நடத்தியாக வேண்டும். 2010ல் ‘எந்திரன்’ பார்த்தீர்களே. சிட்டியை எப்படிச் செய்தார்கள், அதற்கு என்னென்ன தெரியும், உணர்ச்சி எப்படி வந்தது... இதையெல்லாம் சொல்லிவிட்டுத்தான் கதைக்கே வர முடிந்தது. இரண்டாம் பாகத்துக்கு அந்தச் சுமை கிடையாது. நேராக இறங்கலாம்.

ஜேம்ஸ் கேமரூன் இறங்கினார். 1984ல் வந்த ‘டெர்மினேட்டர்’ படத்தில், எதிர்காலத்திலிருந்து வரும் இயந்திரம் சாரா என்ற ஓட்டல் பணிப்பெண்ணைக் கொல்லத் துரத்தும். நல்ல படம்தான். 1991ல் இரண்டாம் பாகம். அதே அர்னால்டு, அதே முகம். ஆனால் இந்த முறை சாராவின் மகனைக் காப்பாற்ற வருகிறார். யாரையும் கொல்லக்கூடாது என்று அந்தப் பொடியன் இயந்திரத்துக்குச் சொல்லிக்கொடுக்கிறான். அந்தப் பக்கம் அவன் அம்மா துப்பாக்கியோடு ஒரு இன்ஜினீயரைக் கொல்லக் கிளம்புகிறாள். இயந்திரம் மனுஷனாகிறது, மனுஷி இயந்திரமாகிறாள்! முதல் படம் போட்ட அஸ்திவாரம் இல்லாமல் இதை எடுத்திருக்கவே முடியாது.

“எல்லாம் பணம் சார்” என்பீர்கள். முதல் படத்துக்குச் சுமார் 64 லட்சம் டாலர், இரண்டாவதுக்குச் சுமார் 10 கோடி. உருகி ஓடும் உலோக வில்லன் அந்தக் காசில் வந்தவன்தான், மறுக்கவில்லை. ஆனால் 2003ல் கேமரூன் இல்லாமல் எடுத்த மூன்றாம் பாகத்துக்கு அதைவிட அதிகம் கொட்டினார்கள். இன்று அதை யார் பேசுகிறார்கள்?

ராஜபாளையத்திலிருந்து மடவார் வளாகம் வழியாக ஸ்ரீவில்லிபுத்தூர் போகிறவர்கள் அங்கே பால்கோவா கிண்டுகிறவரைக் கேட்டுப் பாருங்கள். ஊற்றிக்கொண்டே இருந்தால் அது பால்தான். சுண்டக் காய்ச்சினால்தான் கோவா.

2018ல் ‘2.0’ ஊற்றிக்கொண்டே இருந்தது. 500 கோடிக்கு மேல் செலவு என்றார்கள். முப்பரிமாணம், வானத்தை மறைக்கும் செல்போன் பறவை, பல சிட்டிகள். சும்மா சொல்லக்கூடாது, செல்போன் டவரில் தூக்கில் தொங்கும் பட்சிராஜன் நெஞ்சைப் பிசைந்தார். ஆனால் சிட்டி? ‘எந்திரன்’ முடிவில், கோர்ட் உத்தரவுக்குக் கட்டுப்பட்டுத் தன்னைத்தானே கழற்றிப் போட்டுக்கொண்டதே, அதைத் தூசி தட்டி எழுப்பி சண்டைக்கு அனுப்பிவிட்டார்கள். ‘வேண்டாம் என்றால் கழற்றுகிறீர்கள், ஆபத்து வந்தால் பூட்டுகிறீர்கள், நான் உங்களுக்கு யார்?’ இந்த ஒரு கேள்வியை வைத்தே முழுப் படமும் எடுத்திருக்கலாமே ஷங்கர் சார்! ரஜினி வேறு கையில் இருக்கிறார்.

‘2.0’ முடிவில் குட்டிச் சிட்டியைக் காட்டி மூன்றாம் பாகத்துக்கு ஆசை மூட்டியிருக்கிறீர்கள். எடுங்கள். இன்னும் பெரிய பறவை மட்டும் வேண்டாம்.