மழைக்காகச் சூரியனைப் படித்தார்கள்!

சிப்காட் ஷிஃப்டுக்குக் கிளம்பும் முன், 'இன்னிக்கு மழை வருமா?' என்று மொபைலைப் பார்க்கிறோம். சுமார் 150 வருடங்களுக்கு முன் இதே கேள்வி உயிர்ப் பிரச்னை.

1876-78 தாது வருஷப் பஞ்சத்தில், ஓசூரும் கிருஷ்ணகிரியும் அடங்கிய அன்றைய சேலம் மாவட்டம் கடுமையாக அடிபட்டது. சூரியனில் கரும்புள்ளிகள் கூடும் வருடங்களில், துருவப் பகுதி வானில் 'அரோரா' எனும் வண்ண ஒளி அதிகம் தெரிவதை விஞ்ஞானிகள் அப்போதே கவனித்திருந்தார்கள். அப்படியானால் மழைக்கும் சூரியனுக்கும் தொடர்பு இருக்குமோ? அதை அறியும் நோக்கத்தோடு பிறந்ததுதான், 1899-ல் கொடைக்கானல் சூரிய ஆய்வகம்.

புள்ளிகளை வைத்துப் பருவமழையைக் கணிக்க முடியவில்லை. ஆனால், 1904 முதல் அங்கே எடுத்துவரும் சூரியப் படங்கள் இன்று உலகப் பொக்கிஷம்.

அந்த ஆய்வகத்தை இப்போது நடத்துவது, பெங்களூரின் இந்திய வானியற்பியல் நிறுவனம். ஆதித்யா-எல்1 விண்கலத்தின் முக்கியக் கருவியை, நமக்குப் பக்கத்து ஹொஸகோட்டேயில் உருவாக்கியவர்களும் இவர்களே. 2024 மே மாதம் லடாக்கின் ஹான்லேயில் அரோராவால் வானம் சிவந்ததையும் படம்பிடித்தார்கள்.

அரோராவைக் கிளப்பும் சூரியப் புயல், செயற்கைக்கோள்களையும் முடக்கலாம். மொபைலில் நாம் பார்க்கும் மேகப் படம் அவை தருவதுதான். மழையை அறிய, இன்றும் சூரியன் மேல் ஒரு கண் வேண்டும்!