இடி கேட்குது, வசனம் கேட்கலியே!

மந்தைவெளி 'கபாலி', மயிலாப்பூர் 'காமதேனு' இரண்டும் மூடிப் போயின. பட்டினப்பாக்கம் வீடுகளில் இப்போது டி.வி.தான் தியேட்டர்.

சூப்பர் ஹீரோ படம் ஓடினால் இடிச் சத்தத்தில் ஜன்னல் அதிருது. ஹீரோ வாயைத் திறந்தால் வெறும் முணுமுணுப்பு! சத்தத்தைக் கூட்டினால் பக்கத்து வீட்டில் சண்டைக்கு வருவார்கள்.

2018 நவம்பரில் வந்த '2.0' படத்துக்காக, ரசூல் பூக்குட்டி சில தியேட்டர்களில் நாற்காலிக்கு அடியில்கூட ஸ்பீக்கர் வைத்தார். வீட்டு டி.வி.யில் இருப்பதோ சின்னதாக இரண்டு. தியேட்டர் ஒலியை அதில் திணித்தால் வசனம்தானே அடிபடும்?

படமும் அப்படித்தான். 'புல் எச்.டி.' என்றால் சுமார் 20 லட்சம் புள்ளி. அது வெறும் எண்ணிக்கை. இணையத்தில் அனுப்ப ரொம்பச் சுருக்கினால், இருட்டுக் காட்சிதான் முதலில் கட்டம் கட்டமாக உடையும். இந்த ஹீரோக்களோ ராத்திரியில்தான் பறக்கிறார்கள்!

வீட்டுக்கு வரும் ஒவ்வொரு படத்துக்கும் தனியாக ஒலி கலந்து கொடுத்தால் என்னவாம்? சந்தா மட்டும் மாசம் தவறாமல் வாங்குகிறார்களே!