இண்டி படத்துக்கு மியூசிக் போடுறீங்களா? கூலியை மட்டும் வாங்கிட்டு வந்துடாதீங்க!

சங்கரன்கோவில் பக்கம் போனா விசைத்தறிச் சத்தம் கேட்காம இருக்காது. கூலிக்குத் தறி ஓட்டுறவங்களுக்கு பாவும் நூலும் முதலாளி கொடுப்பாரு. சேலையும் அவருக்கே. கூலி வாங்கினதோட கணக்கு முடிஞ்சது.

அதே ஊர்ல நீங்க பகல்ல வேலை பார்த்துட்டு, ராத்திரி லேப்டாப், கீபோர்டோட சின்னப் படத்துக்கு மியூசிக் போடுறீங்கன்னு வைங்க. உங்க கணக்கும் கூலியோட முடியணுமா? கூடாதுங்கறதுதான் என் கருத்து.

முதல்ல 'பேக்கேஜ்' கணக்கு. ஒரு உதாரணம்: மொத்தமா 60,000 ரூபாய் பேசுறாங்க. நாதஸ்வரம், தவில் கலைஞர்களுக்கு 18,000. பாடகருக்கு 12,000. மிக்ஸிங், மாஸ்டரிங் 20,000. மிச்சம் 10,000. எட்டு வாரம் சனி, ஞாயிறு உழைச்சிருந்தா, நாளுக்கு 625 ரூபாய்தான்! தயாரிப்பு கம்பெனி 10% டிடிஎஸ் பிடிச்சா, இப்போதைக்கு கையில நிக்கிறது 4,000. அந்த 6,000-ஐ ரிட்டர்ன் போடும்போது வரியில கழிச்சுக்கலாம். ஆனா செலவுக்கு பில் இல்லைன்னா, 60,000-மே உங்க வருமானம்னு ஆகிடலாம்.

அதனால உங்க சம்பளம் தனி, செலவு தனின்னு பேசுங்க.

அடுத்தது உரிமை. 2012-ல பதிப்புரிமைச் சட்டத்துல ஒரு முக்கியமான திருத்தம் வந்துச்சு. தியேட்டர்ல படத்தோட ஓடுறதைத் தவிர, உங்க இசையை வேற எந்த வகையில பயன்படுத்தினாலும் ராயல்டியில இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் சம பங்கு உண்டு. அந்தப் பங்கை விட்டுக்கொடுக்கவே முடியாது. வாரிசுக்கோ காப்புரிமைச் சங்கத்துக்கோ மட்டும்தான் எழுதித் தரலாம். 'எல்லா உரிமையும் எங்களுக்கே'ன்னு ஒப்பந்தத்துல இருந்தாலும் இந்தப் பங்கு போகாது. உங்க காலத்துக்கு அப்புறமும் 60 வருஷம் பதிப்புரிமை இருக்கு. எந்த மியூச்சுவல் ஃபண்டுக்கு இவ்வளவு நீண்ட ஆயுசு?

ஆனா சட்டம் இருந்தா மட்டும் பணம் வீடு தேடி வராது. ஐபிஆர்எஸ்-ல உறுப்பினரா சேர்ந்து, போட்ட ஒவ்வொரு ட்ராக்கையும் உங்க பேர்ல பதிவு பண்ணணும். க்யூ ஷீட், அதாவது எந்த இசை படத்துல எத்தனை நிமிஷம் வருதுங்கற பட்டியல், ஒரு காப்பி கேட்டு வாங்குங்க.

இதை நம்பி வேலையை விடச் சொல்லலை. சின்னப் படத்துக்கு ராயல்டி சில நூறு ரூபாயாவும் இருக்கலாம், வராமலும் போகலாம். சொல்லப்போனா மாசச் சம்பளம்தான் உங்க பலம். வீட்டு வாடகைக்கு இந்தப் படத்தை நம்பி இல்லாதவங்களாலதான் மோசமான ஒப்பந்தத்துக்கு 'வேண்டாம்'னு சொல்ல முடியும். ஆஃபர் லெட்டர்ல வெளிவேலைக்குத் தடை இருக்கான்னு மட்டும் முன்னாடியே பார்த்துடுங்க. இஎம்ஐ-ல ஸ்பீக்கர் வாங்குறதை அப்புறம் யோசிக்கலாம்.

நண்பனோட படம்னு ஃப்ரீயா பண்றீங்களா? தாராளமா பண்ணுங்க. பணத்தை விடுங்க, பேப்பரை விடாதீங்க.

நீங்க கடைசியா போட்ட மியூசிக்குக்கு எழுத்துல ஒப்பந்தம் இருக்கா? கமெண்ட்ல சொல்லுங்க.