ஏரி வாரியம்

காஞ்சீபுரத்துக்குப் பட்டுப் புடவை எடுக்கப் போகும் நேயர்கள் அப்படியே உத்தரமேரூருக்கும் போய் வருவது நலம். வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துச் சாஸனங்கள் (கி.பி. 919, 921) காணப்படும். அவை கூறும் குடவோலையை மெச்சாதவர் இல்லை. அவ்வோலையால் தேர்ந்தவர்களில் அறுவர் ஏரி வாரியத்தார் என்பதை நினைப்பவரோ சிலரே. பதவி ஓராண்டுதான். கணக்குக் காட்டாதவருக்கு மட்டுமன்று, அவருடைய உறவினருக்கும் மறுபடி இடமில்லை!

நிலமும் வேதக் கல்வியும் உடைய ஆடவருக்கே இந்த உரிமை என்ற குறையை நாம் மறைக்க வேண்டாம். ஆயினும் ஏரிக்குப் பொறுப்பாளி ஊரார் என்பது தெளிவாக இருந்தது. பிற்காலத்தில் கும்பினி ஆட்சியார் 1858-ஆம் வருஷச் சட்டத்தால் ஏரி மராமத்தைக் கட்டாய வேலையாக்கினார்கள். அதிகாரத்தை எடுத்துக்கொண்டு மண்வெட்டியை மட்டும் குடிகளிடம் கொடுத்தால் கரை எப்படி நிற்கும்?