மொய்யும் மெய்யும்

சென்ற ஆவணியில் எனக்கு ஒரு நன்றி வந்தது. கைப்பேசியில் வந்தது. மணமக்கள் இருவரும் கைகூப்பி நிற்கும் படம். அதன் கீழே, திருமணத்துக்கு நேரில் வந்து வாழ்த்திப் பரிசளித்துச் சிறப்பித்ததற்கு உளமார்ந்த நன்றி என்று பொன்னெழுத்தில் ஒரு வாசகம். சந்தோஷப்பட வேண்டிய விஷயம்தான். ஆனால் அதில் ஒரு சிறு சங்கடம் இருந்தது. அந்தக் கல்யாணத்துக்கு நான் போகவில்லை. பரிசும் அனுப்பவில்லை. அடியோடு மறந்து போய்விட்டேன்.

போகாத கல்யாணத்துக்கும் கொடுக்காத பரிசுக்கும் நன்றி பெற்ற பாக்கியசாலி நான். அதே கல்யாணத்துக்கு முழங்கால் வலியோடு இரண்டு பஸ் மாறிப் போய், ஒரு வெள்ளிக் குங்குமச் சிமிழைக் கொடுத்துவிட்டு வந்த ஓய்வு பெற்ற ஆசிரியை ஒருவர் எங்கள் தெருவில் இருக்கிறார். அவரிடம் இருப்பது பட்டன் வைத்த பழைய கைப்பேசி. அதில் படம் வராது. ஆகவே அவருக்கு நன்றியும் வரவில்லை.

இதை நன்றி என்று ஒப்புக்கொள்ள நான் தயாராக இல்லை. அடித்த சுவரொட்டியை ஊரெல்லாம் ஒட்டுகிறவனுக்கு எந்தச் சுவர் யாருடையது என்று தெரியாது. தெரிய வேண்டியதும் இல்லை. ஆனால் நன்றிக்குத் தெரிந்தாக வேண்டும். திருக்குறளின் பதினோராவது அதிகாரத்துக்குப் பெயர் 'செய்ந்நன்றியறிதல்'. அங்கே 'நன்றி' என்றால் ஒருவர் நமக்குச் செய்த நன்மை. அந்த நன்மை கொடுத்தவருடையது. பெற்றுக்கொண்டவனுக்கு அந்தத் தொடரில் விட்டிருப்பது ஒரே வேலை: அறிதல். யார் செய்தார், என்ன செய்தார், எந்த நிலையில் இருந்துகொண்டு செய்தார் என்று அறிதல். நாமோ சொல்லை வைத்துக்கொண்டு அறிதலை விட்டுவிட்டோம்.

"அதெல்லாம் வெள்ளைக்காரன் வழக்கம். நமக்குள் என்ன நன்றி, கடிதம்?" என்று ஒரு கட்சி கிளம்பும். இந்தக் கட்சியில் பெரியவர்கள் அதிகம். அவர்களை ஒன்று கேட்கிறேன். வரவேற்பு மேடை, சிம்மாசனம் மாதிரி இரண்டு நாற்காலி, மாப்பிள்ளைக்குக் கோட்டு, மூன்றடுக்குக் கேக்கு, இவற்றையெல்லாம் எந்தச் சங்க நூலிலிருந்து எடுத்தீர்கள்? பரிசு வாங்கும் மேடையை அவனிடமிருந்து வாங்கிக்கொண்டோம். வாங்கிய பிறகு உட்கார்ந்து எழுதும் மேஜையை மட்டும் அவனிடமே விட்டுவிட்டோம். அமெரிக்காவில் எமிலி போஸ்ட் என்ற அம்மையார் 1922-இல் நாகரிக நடைமுறைகளைப் பற்றி ஒரு பெரிய புத்தகம் எழுதினார். ஒவ்வொரு பரிசுக்கும் மணப்பெண் தன் கையாலேயே தனித்தனியாக நன்றி எழுத வேண்டும் என்பது அவர் கட்சி. அதில் எனக்கு ஓர் ஆட்சேபம்தான் உண்டு: மாப்பிள்ளைக்கு மட்டும் கை இல்லையா?

இன்னொரு கட்சி, "தாம்பூலப் பை கொடுத்தோமே!" என்கிறது. தேங்காயும் வெற்றிலை பாக்கும் உயர்ந்த மரியாதைதான். ஆனால் அது வாசலில் வந்தவர் அனைவருக்கும் கொடுக்கும் மரியாதை. கொடுத்தவருக்கும் அதே பை, கொடுக்காதவருக்கும் அதே பை. அப்படித்தான் இருக்கவும் வேண்டும். வந்ததற்குத் தாம்பூலம் சரி. தந்ததற்கு?

மூன்றாவது கட்சிதான் பலமானது. "நாங்கள் மொய் நோட்டு வைத்திருக்கிறோம். அவர்கள் வீட்டு விசேஷத்தில் திருப்பிச் செய்வோம். அதைவிடப் பெரிய நன்றி உண்டா?" என்பது அவர்கள் வாதம்.

மொய் நோட்டை நான் பழிக்கமாட்டேன். அது நேர்மையான நோட்டு. ஊர், பெயர், தொகை என்று எழுதி, நூற்றொன்றையும் ஐந்நூற்றொன்றையும் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றுகிறது. மதுரைப் பக்கத்தில் இப்போது கணினி வைத்து, மொய் எழுதிய கையோடு அச்சடித்த ரசீதே கொடுத்துவிடுகிறார்கள். புதுக்கோட்டை, தஞ்சை மாவட்டங்களில் வடகாடு, கீரமங்கலம், பேராவூரணி வட்டாரத்தில் ஆடி ஆவணியில் மொய் விருந்து என்றே நடத்துகிறார்கள். கல்யாணமும் வேண்டாம், காதுகுத்தும் வேண்டாம். ஆட்டுக்கறிச் சோறு போட்டு மொய் வாங்கலாம். வாங்கியவர் தமக்குச் செய்தவரின் முறை வரும்போது மேலே கொஞ்சம் சேர்த்துத் திருப்புவார். கந்துவட்டிக்காரன் வாசலுக்குப் போகாமல் ஒரு குடியானவன் போர்வெல் போடவும் பெண்ணைக் கட்டிக்கொடுக்கவும் ஊர் கூடிச் செய்துகொண்ட ஏற்பாடு அது. அதற்கு நான் தலைவணங்குகிறேன்.

ஆனால் அதன் பெயர் நன்றியல்ல, நாணயம். வாங்கிய கடனைத் திருப்பித் தருவது நாணயமான மனிதனின் இலட்சணம். கடனைத் தீர்த்தவனை, நன்றியுள்ளவன் என்று எந்த ஊரிலும் புகழ்வதில்லை.

மொய் நோட்டுக்கு இன்னொரு குறையும் உண்டு. திருப்பிச் செய்ய விசேஷமே இல்லாதவர்களை அதற்குத் தெரியாது. பிள்ளையில்லாத விதவை, கல்யாணமே ஆகாத பள்ளிக்கூட வாத்தியார், ஒற்றை மகனைப் பறிகொடுத்த தம்பதி - இவர்கள் வாழ்நாள் முழுவதும் பிறர் வீட்டுப் பந்தலில் கொடுத்துக்கொண்டே இருக்கிறார்கள். இவர்கள் வாசலில் ஒரு வாழைமரம் கட்டும் நாள் வரப் போவதில்லை. அது அவர்களுக்கும் தெரியும். தெரிந்துதான் கொடுக்கிறார்கள். உண்மையான பரிசு என்று ஒன்று இருந்தால் அதுதான். அதற்குத்தான் நம்மிடம் பதிலே கிடையாது.

இதைச் சொல்ல எனக்கு யோக்கியதை உண்டா என்று கேட்டால், இல்லை. என் கல்யாணத்துக்கு என் அத்தை ஒரு எவர்சில்வர் தூக்கு அனுப்பியிருந்தாள். பிள்ளையில்லாதவள், கணவரை இழந்தவள். மணப்பந்தலுக்கு வரத் தயங்கி, ஊர்க்காரர் ஒருவர் கையில் கொடுத்தனுப்பிவிட்டாள். பாத்திரம் கொடுக்கிற எல்லோரும் அதில் தங்கள் பெயரை வெட்டிக் கொடுப்பது வழக்கம். வாங்குகிறவன் நினைவில் வைத்திருக்கமாட்டான் என்பது அனுபவத்தில் கண்ட உண்மை. என் அத்தையோ என் பெயரையும் என் மனைவியின் பெயரையும் வெட்டச் சொல்லியிருக்கிறாள். விளைவு, யார் கொடுத்தது என்றே எங்களுக்குத் தெரியவில்லை. பெயர் வெட்டிவிட்டதால் வேறு யாருக்கும் தூக்கிக் கொடுக்கவும் முடியவில்லை. அது பரணுக்குப் போயிற்று.

பதினோரு வருஷம் கழித்து ஒரு காரியமாக அந்த ஊருக்குப் போனவன் அவளைப் பார்க்கப் போனேன். காப்பி கொடுத்தாள். குடும்பத்தைப் பற்றி விசாரித்தாள். கிளம்பும்போது, மிகவும் தயங்கிக்கொண்டு கேட்டாள்:

"ஏன்டா தம்பி, அந்தத் தூக்கு உங்களுக்கு வந்து சேந்துச்சா?"

பதினோரு வருஷம்! குற்றம் சாட்டவில்லை. வந்து சேர்ந்ததா என்று மட்டும்தான் கேட்டாள். "தினம் அதிலேதான் அத்தை, பால் வாங்குகிறோம்" என்று கூசாமல் ஒரு பொய் சொன்னேன். அவள் முகம் மலர்ந்ததைப் பார்த்தபோது, பொய்க்காக அல்ல, அந்தப் பதினோரு வருஷத்துக்காக எனக்கு வெட்கமாக இருந்தது. வீடு திரும்பியதும் பரணில் ஏறித் தூக்கை இறக்கினேன். அடுத்த நாளிலிருந்து பொய் மெய்யாயிற்று.

ஓர் அஞ்சலட்டை போதுமாக இருந்தது. 1879-இல் காலணா விலையில் இந்த நாட்டுக்கு வந்த சாதனம் அது. மண்டப வாடகை, சமையல்காரர், போட்டோக்காரர், மேளம் எல்லாவற்றுக்கும் கொட்டிக் கொடுக்கிறவர்களுக்கு அஞ்சலட்டை வாங்கவா பணமில்லை? நேரமில்லை என்றால் அதையும் நம்பமாட்டேன். ஒரு மாலையில் ஐநூறு பேரோடு நின்று படம் எடுத்துக்கொள்ள நேரம் இருந்தது. தினம் ஐந்து அட்டை எழுதினால் ஒரு மாதத்தில் நூற்றைம்பது வீடுகளுக்கு எழுதிவிடலாம். புருஷனும் மனைவியும் பங்கிட்டுக்கொண்டால் முந்நூறு.

என்ன எழுதுவது என்று திகைக்க வேண்டாம். 'உளமார்ந்த' வேண்டாம், 'சிறப்பித்த' வேண்டாம். கொடுத்த பொருளின் பெயரைச் சொல்லுங்கள். அது வந்து சேர்ந்தது என்று சொல்லுங்கள். வீட்டில் எந்த இடத்தில் இருக்கிறது என்று ஒரு வரி எழுதுங்கள். இருவரும் கையெழுத்துப் போடுங்கள். முடிந்தது. கையெழுத்துக் கோணலாக இருந்தால் பாதகமில்லை. அச்சடித்ததல்ல என்பதற்கு அதுவே அத்தாட்சி. கடிதமே பிடிக்காதென்றால் கைப்பேசியில் கூப்பிட்டு இரண்டு வார்த்தை பேசுங்கள். பட்டன் வைத்த கைப்பேசியிலும் குரல் கேட்கும்.

எல்லோருக்கும் எழுத முடியாவிட்டால், மொய் நோட்டை எடுத்துப் பாருங்கள். திருப்பிச் செய்ய வாய்ப்புள்ளவர்களை விட்டுவிடுங்கள். அவர்களுக்கு நோட்டு பதில் சொல்லிக்கொள்ளும். வீட்டில் இனி விசேஷம் வராது என்று தெரிந்தும் கொடுத்தவர்கள் பத்துப் பேராவது அதில் இருப்பார்கள். அவர்களுக்கு முதலில் எழுதுங்கள். இந்த வாரமே எழுதுங்கள். வந்து சேர்ந்ததா என்று கேட்கக் கூச்சப்பட்டுக்கொண்டு அவர்கள் எங்கோ உட்கார்ந்திருக்கிறார்கள்.