சுராங்கனிக்கு என்ன குறைச்சல்?

அஞ்சுகிராமத்தில் எங்கள் தெரு அம்மன் கோவில் கொடைக்கு இந்த வருஷமும் இன்னிசைக் கச்சேரி உண்டு. தலைக்கட்டு வரி பிரித்தாயிற்று. போன ஞாயிற்றுக்கிழமை பாட்டுப் பட்டியல் போட உட்கார்ந்தோம். ஓர் இளைஞன் 'சுராங்கனி' என்றான். அவ்வளவுதான், பெரியவர் ஒருவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்துவிட்டார்.

"என்னடே, அதெல்லாம் ஒரு பாட்டா? குடிகாரப் பயலுவ ஆடுததுக்குள்ளது. சங்கீதம் தெரிஞ்சவன் எவனாவது பாடுவானா?"

"கோவிச்சுக்கிடாதீங்க அண்ணாச்சி. அந்தப் பாட்டுல என்ன தப்புன்னு சொல்லுங்க."

"அந்நிய சரக்குடே!" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். கூட்டமும் கலைந்தது. அங்கே சொல்ல முடியாமல் போனதை இங்கே சொல்லிவிடுகிறேன்.

இலங்கைத் தமிழரான ஏ. ஈ. மனோகரன்தான் அந்தப் பாட்டை ஊரெல்லாம் கொண்டுபோய்ச் சேர்த்தவர். நமக்கு அவர் சிலோன் மனோகர். அவருடைய நாட்டாருக்குப் பொப்பிசைச் சக்கரவர்த்தி. சுராங்கனி என்பது சிங்களப் பெண்ணின் பெயர். அவளுக்காக மீன் கொண்டுவந்திருப்பதாக ஒருவன் பாடுகிறான். பாட்டில் சிங்களமும் தமிழும் சேர்ந்தே வரும். 1983 ஜூலையில் அந்த நாட்டில் தமிழர் வீடுகள் எரிந்தன. அந்த மாதத்திற்குப் பிறகும் அந்தப் பாட்டுக்குள் இருந்த இரண்டு பாஷைகளும் பிரிந்துபோகவில்லை. இது சின்ன சமாசாரமா?

அந்நியம் என்கிறார் அண்ணாச்சி. உண்மைதான், மெட்டு பைலா வகையைச் சேர்ந்தது. போர்த்துக்கீசியர் கப்பலில் வந்த ஆட்டம், ஆப்பிரிக்க வம்சத்தார் காலடியில் புரண்டு, போலீஸ் உத்தியோகத்திலிருந்த வாலி பஸ்தியான் போன்றவர்கள் கையில் இலங்கைப் பாட்டாக மாறியது. அதைத் தமிழ் நாக்குக்குப் பழக்கியவர்களில் முந்தியவர் நித்தி கனகரத்தினம், பிறகு மனோகரன். சரி, அந்நியமே என்று வைத்துக்கொள்வோம். அண்ணாச்சி கண்ணை மூடிக் கேட்கும் கச்சேரியில் பக்கத்தில் உட்கார்ந்து வாசிக்கிறார்களே பிடில், அது எந்த ஊர்ச் சரக்கு? முத்துசுவாமி தீட்சிதரின் தம்பி பாலுசுவாமி தீட்சிதர் ஓர் ஐரோப்பியரிடம் கற்றுக்கொண்டது அது. தஞ்சை நால்வரில் ஒருவரான வடிவேலுவுக்கு 1834-ல் சுவாதித் திருநாள் மகாராஜா தந்தத்தாலான பிடிலே பரிசளித்தார். அன்றைக்கு நம் நாஞ்சில் நாடும் அந்த மகாராஜாவின் ராஜ்யத்தில்தான் இருந்தது. ராஜா சபை வழியாக வந்த அந்நியம் சாஸ்திரீயம். மீன்கூடை வழியாக வந்தால் மட்டும் ஆபாசமா? நாற்றம் மெட்டிலிருந்து வரவில்லை. மீனிலிருந்துதான் வருகிறது என்று நினைக்கிறேன். நம்முடைய மூக்கு ஜாதியறிந்த மூக்கு.

இப்படிக் காவல் காப்பது புதிதும் அல்ல. 1952-ல் கேஸ்கர் மந்திரியாகி, சினிமாப் பாட்டை அகில இந்திய வானொலியிலிருந்து விரட்டினார். கேட்கிறவர்கள் திருந்தினார்களா? பொத்தானைத் திருகி இலங்கை வானொலிக்குப் போனார்கள். மயில்வாகனத்தின் குரல் எங்கள் அப்பாவுக்குச் சொந்தக்காரர் குரல்மாதிரி. வட்டக்கோட்டைக் கடலுக்கு அந்தப் பக்கத்திலிருந்து வருகிற குரல் அல்லவா! 1957-ல் விவித பாரதியைத் தொடங்கித்தான் சர்க்கார் மானத்தைக் காப்பாற்றிக்கொண்டது.

மனோகரனுடைய குரல் தேன் என்று நான் வாதாட வரவில்லை. சில பாட்டுக்கள் எனக்கே சலித்துப்போனவை. ஆனால் கித்தாரும் டிரம்ஸும் முழங்க மேடையில் நின்று, சும்மா உட்கார்ந்திருக்கிறவனை எழுப்பிக் கைதட்ட வைப்பது ஒரு வித்தை. பத்துக் கொடையில் பாட்டுக் கேட்டவனுக்கு அதன் அருமை தெரியும்.

நம்முடைய வெட்கக்கேடு வேறொன்று. 1977-ல் 'அவர் எனக்கே சொந்தம்' படத்தில் இளையராஜா இசையில் அதே சுராங்கனி வந்தாள். பாடியவர் மலேசியா வாசுதேவன். அவர் அருமையான பாடகர், அவர்மேல் குறையில்லை. மனோகரனும் நம்முடைய சினிமாவுக்கு வந்தார். வந்தவருக்கு நாம் என்ன கொடுத்தோம்? பெரும்பாலும் வில்லன் வேஷம்! தமிழிலும் மலையாளத்திலும் கதாநாயகனிடம் அடிவாங்கினார். பிற்காலத்தில் டெலிவிஷன் தொடர்களில் தலைகாட்டினார். பாட்டை உள்ளே கூப்பிட்டு நாற்காலி போட்டோம். பாடினவனைத் திண்ணையில் உட்கார வைத்தோம். 2018 ஜனவரி 22-ஆம் தேதி சென்னையில்தான் அவர் காலமானார். நான் வாசித்த ஒரு குறிப்பு, அவர் இன்னின்ன படங்களில் வில்லனாக நடித்தார் என்று தொடங்கி, கடைசி வரியில் 'பாடகரும்கூட' என்று முடிந்தது. அந்தக் 'கூட'வை எழுதின கையை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ஆத்திரம் வருகிறது.

எங்கள் கொடைக்கு வந்து பாடுகிற பையன்களுக்கு மனோகரன் யார் என்று தெரியாது. மைக்கைப் பிடித்துக்கொண்டு, "சினிமாவிலிருந்து ஒரு பாடல்" என்றுதான் அறிவிப்பார்கள். இந்தத் தடவை பெயரைச் சொல்லி அறிவிக்க வேண்டும் என்று ஒரு துண்டுச்சீட்டு எழுதி வைத்திருக்கிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை மறுபடி கூடுகிறோம். அண்ணாச்சியும் வருவதாகச் சொல்லி அனுப்பியிருக்கிறார்.